கொடையும் காவலும்: போஸ் – மார்க்கோனி வரலாறு எழுப்பும் அறவினா

முன்னுரை

புதுக்கோட்டை மாவட்டம் என்றவுடன் நம்மில் பலருக்குக் கண்மாய்களும் முந்திரித் தோப்புகளும் சித்தன்னவாசல் குன்றுமே நினைவுக்கு வருகின்றன; கடல் நினைவுக்கு வருவதில்லை. 1974 ஜனவரி 14 அன்று திருச்சிராப்பள்ளி, தஞ்சாவூர் மாவட்டங்களின் பகுதிகளைக் கொண்டு இம்மாவட்டம் அமைக்கப்பட்டபோது, பழைய தொண்டைமான் சமஸ்தானத்திற்கு இல்லாதிருந்த கடற்கரை ஒன்றும் அதனோடு வந்து சேர்ந்தது. கட்டுமாவடி, மணமேல்குடி, கோட்டைப்பட்டினம், ஜெகதாப்பட்டினம், மீமிசல் ஆகிய ஊர்களின் மக்கள், இந்துக்களும் இசுலாமியரும் கிறித்தவருமாகப் பாக் நீரிணையை நம்பி வாழ்ந்து வருகின்றனர். இங்கிருந்து கடலுக்குச் செல்லும் விசைப்படகுகள் பலவற்றில் இன்று கம்பியில்லாத் தொடர்புக் கருவி இருக்கின்றது. இயந்திரம் பழுதுற்ற படகிலிருந்தோ, நீர் புகுந்த படகிலிருந்தோ ஒருவர் குரல் கொடுத்தால், அக்குரலைக் கேட்பவர், 'உம்முடைய கருவி எந்த நிறுவனம் செய்தது?' என்று வினவுவதில்லை. கடற்பயணத்திற்கான மிகை அதிர்வெண் வானொலியில் பதினாறாம் அலைவரிசை, ஆபத்தில் இருப்போரின் அழைப்பிற்கென உலக நாடுகள் அனைத்தும் ஒதுக்கி வைத்துள்ள பொதுவழியாகும்.

இது மிக இயல்பானதெனத் தோன்றலாம். ஆயின், இது தானே வந்த வழக்கமன்று. கம்பியில்லாத் தந்தியின் தொடக்க ஆண்டுகளில், வேற்று நிறுவனத்தின் கருவியிலிருந்து வரும் செய்தியைக் கேட்கக் கூடாதென்று இயக்குநர்களுக்குக் கட்டளையிடப்பட்டிருந்தது. அவ்வரலாற்றினுள்ளே நம் நாட்டின் பேரறிஞர் ஒருவரும் நிற்கின்றார். அவரே ஜகதீச சந்திர போஸ்.

நம் பிரசங்க மேடைகளில், சிறப்பாகச் சுதந்திர தின ஆராதனைகளில், இவரைப் பற்றிய உவமை ஒன்றைக் கேட்டிருக்கிறோம். வானொலியைக் கண்டவர் போஸ். அதனைத் திருடிப் பெயரும் பொருளும் ஈட்டியவர் மார்க்கோனி. போஸோ காப்புரிமை வேண்டாமென உதறிய துறவி என்பதே அவ்வுவமை. இதில் உண்மை உண்டு. முழு உண்மை இல்லை. மேடையில் சொல்லப்படும் பாதி உண்மையும் பிறனுக்கு விரோதமான பொய்ச்சாட்சியாகக் கூடுமாதலால், நிகழ்ந்ததை முறையாக ஆராய்ந்து, அதன் பின்னரே அதிலிருந்து எழும் அறவினாவை எடுத்துக்கொள்ளுதல் நமக்குக் கடமையாகின்றது.

1. மின்னியலின் முதற்போர்

கம்பியில்லாத் தந்திக்கு முன்பே மின்னியல் உலகம் கடும்போட்டி ஒன்றைக் கண்டிருந்தது. அமெரிக்காவில் தாமஸ் எடிசன் நேர்மின்னோட்ட முறையை நிறுவியிருந்தார். ஜார்ஜ் வெஸ்டிங்ஹவுஸ் மாறுமின்னோட்ட முறையை முன்வைத்தார். நிக்கோலா டெஸ்லாவின் மின்னோடிக் காப்புரிமைகள் அவருக்குத் துணைநின்றன. மாறுமின்னோட்டத்தை உயர் அழுத்தத்தில் நெடுந்தொலைவு கொண்டு செல்லலாம்; நேர்மின்னோட்டத்தை அக்காலத்தில் அவ்வாறு கொண்டு செல்ல இயலவில்லை. பொறியியலில் தோற்கும் நிலையில் இருந்தோர் அச்சத்தைக் கருவியாக எடுத்தனர். 1888-இல் ஹெரால்டு பிரவுன் என்பவர், எடிசனின் ஆய்வுக்கூட வசதிகளைப் பயன்படுத்தி, நாய்களை மாறுமின்னோட்டத்தால் கொன்று காட்டினார். நியூயார்க் மாநிலம் மின்நாற்காலியை ஏற்றபோது, வெஸ்டிங்ஹவுஸின் விருப்பத்திற்கு மாறாக அவருடைய மின்னாக்கிகளே அதற்கு வாங்கப்பட்டன. 1890 ஆகஸ்ட் 6 அன்று வில்லியம் கெம்லர் என்னும் கைதி ஆபர்ன் சிறையில் அந்நாற்காலியில் வைத்துக் கொல்லப்பட்டார். முதன்முறை பாய்ச்சிய மின்சாரத்தில் அவர் உயிர் பிரியவில்லை. இரண்டாம் முறையும் பாய்ச்ச வேண்டியதாயிற்று.

கெம்லர் கொலைக்குற்றவாளியே. ஆயினும், இரு நிறுவனங்களின் வணிகப் போட்டியில் அவருடைய உடல் ஒரு விளம்பரப் பலகையானது என்பதை மறுக்க இயலாது. போட்டி தன்னில் தீதன்று. போட்டியின் நடுவே மனிதன் பொருளாக மாறுகின்ற கணத்திலேயே அறம் அழிகின்றது. இதனை மனத்திற்கொண்டு கல்கத்தாவிற்குச் செல்வோம்.

2. கல்கத்தாவில் ஒரு சிற்றறை

போஸ் 1858 நவம்பர் 30 அன்று பிறந்தவர். பிரம்ம சமாஜக் குடும்பத்தினர். கல்கத்தாவின் தூய சவேரியார் கல்லூரியில் இயேசு சபைத் துறவியாகிய யூஜின் லஃபோன் அடிகளிடம் இயற்பியல் பயின்று, பின்பு கேம்பிரிட்ஜில் ரேலி பிரபுவின் மாணவரானார். 1885-இல் பிரசிடென்சிக் கல்லூரியில் பேராசிரியராக அமர்ந்தபோது, ஐரோப்பியருக்கு அளிக்கப்பட்டதைவிடக் குறைந்த ஊதியமே அவருக்கு அளிக்கப்பட்டது. அவர் பணியை விடவில்லை. ஊதியத்தை வாங்க மறுத்தார். மூன்றாண்டுகள் இவ்வாறு பணியாற்றியபின், அரசு பணிந்து முழு ஊதியத்தையும் நிலுவையோடு வழங்கியது. தம் உரிமை எதுவென்று அறியாத மனிதரல்லர் போஸ் என்பதை இந்நிகழ்ச்சி காட்டுகின்றது. பின்னர் அவர் விட்டுக்கொடுத்தவற்றை எடைபோடும்போது இதனை மறத்தலாகாது.

மின்காந்த அலைகள் உண்டென்பதை ஜெர்மனியில் ஹென்ரிச் ஹெர்ட்ஸ் 1887, 1888-ஆம் ஆண்டுகளில் மெய்ப்பித்தார். 1894-இல் ஹெர்ட்ஸ் மறைந்தபின், ஆலிவர் லாட்ஜ் லண்டனில் அவரது பணியைப் பற்றி நிகழ்த்திய சொற்பொழிவு பலரை இத்துறைக்கு ஈர்த்தது. போஸும் ஈர்க்கப்பட்டார். கல்லூரியின் சிற்றறை ஒன்றில், உள்ளூர்த் தகரத் தொழிலாளி ஒருவரின் கைத்திறனைக் கொண்டு, அவர் தமக்கு வேண்டிய கருவிகளைச் செய்துகொண்டார். சில மில்லிமீட்டர் அளவேயான மிகக் குறுகிய அலைகளை உண்டாக்கி, அவை ஒளியைப் போன்றே விலகுதலையும் முனைவாக்கம் பெறுதலையும் காட்டினார். முறுக்கிய சணலும், தாள்களுக்கிடையே தகரத் தாள் செருகிய இரயில்வே கால அட்டவணைப் புத்தகமும் அவருடைய ஆய்வுக் கருவிகளாயின. 1895-இல் கல்கத்தா நகர மண்டபத்தில், துணைநிலை ஆளுநர் முன்னிலையில், சுவர்களை ஊடுருவிச் சென்ற அலைகளால் சுமார் 75 அடிக்கு அப்பால் மணியை ஒலிக்கச் செய்தார். வெடிமருந்தையும் வெடிக்கச் செய்தார். 1897 ஜனவரி 29 அன்று லண்டன் ராயல் நிறுவனத்தில் வெள்ளி மாலைச் சொற்பொழிவு நிகழ்த்தும் பெருமையும் அவருக்குக் கிட்டியது.

எனினும், போஸ் நாடியது அலைகளின் இயல்பை அறிதலே. தந்திச் செய்தியை நெடுந்தொலைவு அனுப்பும் முறையொன்றை அமைக்க அவர் முற்படவில்லை. இவ்வேறுபாடு சிறிதன்று.

3. லண்டனுக்கு வந்த இளைஞர்

குல்யெல்மோ மார்க்கோனி 1874-இல் இத்தாலியின் பொலோஞ்ஞா நகரில் பிறந்தார். பல்கலைக்கழகப் பட்டம் பெற்றவரல்லர். தம் தந்தையின் தோட்ட வீட்டில் ஆய்வு நடத்திய அவர், உயரமான வான்கம்பியையும் நிலத்தொடுப்பையும் பயன்படுத்தித் தொலைவைப் பெருக்க வழி கண்டார். 1896-இல் இங்கிலாந்து வந்து, ஜூன் 2 அன்று காப்புரிமைக்கு விண்ணப்பித்தார்; அஞ்சல் துறைத் தலைமைப் பொறியாளர் வில்லியம் பிரீஸ் அவரை ஆதரித்தார். 1897-இல் நிறுவனம் தோன்றியது. 1899-இல் ஆங்கிலக் கால்வாயைக் கடந்து செய்தி சென்றது.

மார்க்கோனி புதிதாக எதையும் செய்யவில்லை என்று சொல்லுதல் முறையாகாது. சிதறிக் கிடந்த கண்டுபிடிப்புகளை ஒன்றாகத் திரட்டி, பொருளையும் உழைப்பையும் முதலீடு செய்து, புயற்காற்றில் கோபுரங்கள் விழுந்தபோதும் மீண்டும் நாட்டி, கப்பலோட்டிக்குப் பயன்படும் கருவியாக அவற்றை ஆக்கியவர் அவரே. ஆயின், அவருடைய வெற்றியின் உச்சியிலேயே போஸின் பெயர் மறைந்து நிற்கின்றது.

4. ஒரு துளிப் பாதரசம்

அக்காலக் கம்பியில்லாத் தந்தியின் நுணுக்கமான பகுதி, வந்துசேரும் அலையை உணரும் கருவியாகும். கோஹிரர் எனப்பட்ட அது, உலோகத் துகள்கள் அடைத்த கண்ணாடிக் குழல். அலை பட்டவுடன் துகள்கள் ஒட்டிக்கொள்ளும். அடுத்த அலையை உணர வேண்டுமாயின் குழலைத் தட்டித் துகள்களைப் பிரிக்க வேண்டும். தட்டாமலே தானாக மீளும் கோஹிரர் ஒன்றைப் போஸ் அமைத்தார். இரும்பும் பாதரசமும் தொட்டு நிற்க, அதனோடு தொலைபேசிச் செவிக்கருவியை இணைத்த அமைப்பு அது. 1899 ஏப்ரலில் ராயல் கழகத்தில் இதனை அவர் கட்டுரையாக அளித்தார். அக்கட்டுரை அச்சிலும் வந்தது. காப்புரிமை எதுவும் அதற்குக் கோரப்படவில்லை.

1901 டிசம்பர் 12 அன்று மார்க்கோனி நியூஃபவுண்ட்லாந்தின் செயின்ட் ஜான்ஸ் குன்றில் அமர்ந்து, அட்லாண்டிக் பெருங்கடலுக்கு அப்பால், கார்ன்வாலின் போல்டு நிலையத்திலிருந்து வந்த மூன்று புள்ளி ஒலிகளைக் கேட்டதாக அறிவித்தார். அவர் பயன்படுத்தியவற்றுள் இத்தாலியக் கடற்படைக் கோஹிரர் என்று பெயர் பெற்ற பாதரசக் கருவி ஒன்று இருந்தது. அது தொலைபேசிச் செவிக்கருவியோடு இணைக்கப்பட்டிருந்தது. அதனை அவருக்குத் தந்தவர் கடற்படை அதிகாரியும் நண்பருமான லூயிஜி சோலாரி. அவ்வாண்டு செப்டம்பரிலேயே அக்கருவிக்கு இங்கிலாந்தில் காப்புரிமை கோரி மார்க்கோனி விண்ணப்பித்திருந்தார். 1902-இல் இத்தாலியப் பேராசிரியர் ஆஞ்சலோ பான்டி இதனைக் கண்டித்து, கருவியைச் செய்தவர் காஸ்டெல்லி என்னும் கடற்படைச் சமிக்ஞைப் பணியாளரே என வாதிட்டார். பூசல் சில காலம் நடந்து அடங்கிற்று. 1998-இல் புரோபீர் பந்தியோபாத்தியாய் என்னும் பொறியியல் அறிஞர், அக்கருவியின் மூலம் போஸின் 1899-ஆம் ஆண்டுக் கட்டுரையே என்று விரிவான சான்றுகளோடு எழுதினார்.

ஆகவே, மார்க்கோனி போஸின் வீட்டுக்குள் புகுந்து திருடவில்லை. போஸ் திறந்த வெளியில் வைத்ததை வேறு சிலர் எடுத்தனர். எடுத்தவர்களிடமிருந்து பெற்றவர் அதற்கு வேலியிட முயன்றார். வைத்தவரின் பெயரை எவரும் சொல்லவில்லை. மேடை உவமையினும் இவ்வுண்மை நமக்கு அருகில் வருகின்றது. ஏனெனில், திருடர்கள் நம்மில் சிலரே. பெயர் சொல்லாமல் எடுத்துக்கொள்பவர்களோ பலர்.

5. போஸின் மறுப்பு

1901 மே மாதம் போஸ் மீண்டும் ராயல் நிறுவனத்தில் சொற்பொழிவாற்ற இருந்தார். அப்பொழுது தந்தி நிறுவனம் ஒன்றின் செல்வரான உரிமையாளர் காப்புரிமைப் படிவத்தோடு அவரை நாடி வந்தார். பொதுமேடையில் எல்லாவற்றையும் வெளியிட்டுவிட வேண்டாம். காப்புரிமை பெறுவதற்குத் தாமே பொருள் தருவதாகவும், ஆதாயத்தில் பாதியைத் தாம் எடுத்துக்கொள்வதாகவும் அவர் கூறினார். போஸ் இணங்கவில்லை. மே 17 அன்று தம் நண்பர் ரவீந்திரநாத் தாகூருக்கு எழுதிய கடிதத்தில் இதனைத் தெரிவித்து, அந்நாட்டில் கண்ட பணவேட்கையைக் குறித்து வருந்தி, அப்பொறியில் ஒருமுறை சிக்கினால் மீள வழியில்லை என்ற கருத்தை வெளியிட்டார்.

இத்துடன் செய்தி முடிந்துவிடவில்லை. சகோதரி நிவேதிதையும், அமெரிக்கப் பெண்மணி சாரா புல்லும், அவரைப் போற்றியவர்களாயினும் இம்மறுப்பை ஏற்கவில்லை. அவர்களுடைய வற்புறுத்தலால் 1901 செப்டம்பரில் அமெரிக்காவில் விண்ணப்பம் அளிக்கப்பட்டது. 1904 மார்ச் 29 அன்று, கலீனா என்னும் ஈயக் கனிமத்தைக் கொண்டு அலையை உணரும் கருவிக்கு 755840 எண்ணுள்ள காப்புரிமை போஸுக்குக் கிடைத்தது. அதில் பாதி உரிமை சாரா புல்லின் பெயரில் எழுதப்பட்டிருந்தது. பிற்காலப் படிகக் கருவிகளுக்கு முன்னோடியான இக்காப்புரிமையால் போஸ் பொருளேதும் தேடவில்லை. 1917 நவம்பர் 30 அன்று தாம் நிறுவிய போஸ் ஆய்வு நிறுவனத்தின் தொடக்க உரையில், அங்குக் காணப்படுவன அனைத்தும் மக்களின் பொதுச்சொத்தாகும், காப்புரிமை பெறப்படாது என்ற கொள்கையையும் அறிவித்தார்.

காப்புரிமையே பெறாத துறவி என்று அவரைச் சித்திரிப்பது, ஆகவே, பிழை. அதற்குள் அவருடைய ஆர்வம் உயிருள்ளவற்றின், குறிப்பாகத் தாவரங்களின், உணர்வாய்வை நோக்கித் திரும்பியிருந்தது என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். அரசுக் கல்லூரியின் நிலையான ஊதியம் அவருக்கு இருந்தது. மார்க்கோனிக்கோ பங்குதாரர்கள் இருந்தனர். இவற்றைச் சொல்வதால் போஸின் மேன்மை குறைவதில்லை. மெய்யான மனிதரின் மெய்யான துறவு, கற்பனைத் துறவியின் முழுத் துறவினும் நமக்குப் பயன் மிக்கது.

6. கேளாச் செவிகள்

காப்புரிமை ஒருவருடைய உழைப்பிற்குக் கூலி என்பர். அதில் நியாயம் உண்டு. கண்டதை மறைக்காமல் வெளியிட வேண்டும். அதற்கு ஈடாகச் சில ஆண்டுகளுக்கு உரிமை உண்டு. பின்பு அது எல்லோருக்கும் பொதுவாகும் என்பதே காப்புரிமைச் சட்டத்தின் உடன்பாடு. ஆயின், கூலி எங்கே முடிந்து ஆதிக்கம் எங்கே தொடங்குகின்றது?

மார்க்கோனி நிறுவனம் கருவிகளை விற்கவில்லை. இயக்குநரோடு சேர்த்து வாடகைக்கு அளித்தது. வேற்று நிறுவனக் கருவியுள்ள கப்பல்களோடு பேசலாகாது என்பது அதன் விதி. 1902-இல் ஜெர்மானியப் பேரரசரின் தம்பி ஹென்ரிச் இளவரசர், அமெரிக்காவிலிருந்து திரும்பும் வழியில் டாய்ச்லாண்ட் கப்பலிலிருந்து குடியரசுத் தலைவர் ரூஸ்வெல்ட்டுக்கு நன்றிச் செய்தி அனுப்ப முயன்றபோது, மார்க்கோனி நிலையங்கள் அதனை ஏற்கவில்லை. இளவரசருக்கு நேர்ந்ததால் உலகம் அறிந்தது. 1903-இல் பெர்லினில் நாடுகள் கூடிப் பேசின. 1906-இல் அங்கேயே உருவான உடன்படிக்கை, எம்முறைக் கருவியாயினும் கரை நிலையங்கள் கப்பல்களோடு தொடர்பு கொள்ளல் வேண்டும் என்று விதித்தது, எஸ்.ஓ.எஸ். என்னும் ஆபத்துக் குறியும் அதில் ஏற்கப்பட்டது. 1912-இல், டைட்டானிக் மூழ்கிச் சுமார் ஆயிரத்து ஐந்நூறு பேர் மாண்டபின், லண்டன் மாநாட்டில் இக்கடமை கப்பல்களுக்கிடையேயும் விரிந்தது.

இங்கு நேர்மைக்காக ஒன்றைச் சொல்லியாக வேண்டும். டைட்டானிக்கிலிருந்து உயிர் பிழைத்த சுமார் எழுநூறு பேரும் பிழைத்தது மார்க்கோனி நிறுவனத்தின் கருவியாலும், இறுதிவரை இடம்பெயராத அதன் இயக்குநர்களாலுமே. அதே ஆண்டில் அந்நிறுவனத்தின் பெயர் வேறொரு வகையிலும் அடிபட்டது. பேரரசு முழுவதற்குமான கம்பியில்லாத் தந்தி ஒப்பந்தத்தை அரசு அந்நிறுவனத்திற்கு அளிக்க இருந்த காலத்தில், அதன் அமெரிக்கக் கிளையின் பங்குகளைப் பிரிட்டிஷ் அமைச்சர்கள் சிலர் வாங்கியமை வெளிப்பட்டது. அவர்களுள் ஒருவரான ரூஃபஸ் ஐசக்ஸ், ரெடிங் பிரபு என்னும் பெயரில் 1921 முதல் 1926 வரை இந்தியாவின் அரசப் பிரதிநிதியாக இருந்தார்.

1909-இல் மார்க்கோனி இயற்பியல் நோபல் பரிசைக் கார்ல் பிரவுனோடு பகிர்ந்து பெற்றார். பின்னாளில் முசோலினியின் கட்சியில் சேர்ந்தார். 1931-இல் வத்திக்கான் வானொலியையும் அமைத்துத் தந்தார். 1937 ஜூலை 20 அன்று அவரும், அவ்வாண்டு நவம்பர் 23 அன்று போஸும் காலமாயினர். 1943-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம், லாட்ஜ், டெஸ்லா, ஜான் ஸ்டோன் ஆகியோரின் முந்திய பணியைச் சுட்டி, மார்க்கோனியின் முக்கியக் காப்புரிமை ஒன்றின் கோரிக்கைகள் பலவற்றைச் செல்லாதவையாக்கியது. வானொலியைக் கண்டவர் யார் என்ற வினாவிற்கு ஒரே பெயரை விடையாகத் தருதல் இயலாதென்பதே வரலாற்றின் தீர்ப்பு எனலாம்.

7. திருமறையின் ஒளியில்

இவ்வரலாற்றைத் திருமறையோடு ஒப்புநோக்கும்போது மூன்று கருத்துகள் நமக்குப் புலனாகின்றன.

முதலாவது, கருவியின் மீதான ஆதிக்கம் மனிதர் மீதான ஆதிக்கமாகும். சாமுவேலின் முதலாம் நூல் பதின்மூன்றாம் அதிகாரத்தின் இறுதியில், இஸ்ரவேல் நாடெங்கும் கொல்லன் இல்லாதபடி பெலிஸ்தர் தடுத்துவைத்த செய்தி உள்ளது. கலப்பைக் கொழுவைத் தீட்டுவதற்கும் உழவன் பகைவனிடம் சென்று கூலி கொடுக்க வேண்டியிருந்தது. இதனைப் போர்க்குறிப்பாக மட்டும் வாசித்துக் கடந்துவிடுகிறோம். இரும்புக் காலத்தின் தொழில்நுட்ப ஏகபோகத்தைப் பற்றிய சான்றாகவும் அது விளங்குகின்றது. கடலில் தத்தளிப்பவனுடைய குரலைக் கேட்பதற்கு முன் அவனுடைய கருவியின் முத்திரையை வினவிய விதி, பெலிஸ்தருடைய விதியின் வழித்தோன்றலே.

இரண்டாவது, தன் உரிமையைத் துறத்தல் வேறு; உரிமையே இல்லையென்பது வேறு. கொரிந்தியருக்கு எழுதிய முதல் நிருபத்தின் ஒன்பதாம் அதிகாரத்தில் பவுலடிகளார், நற்செய்திப் பணியாளனுக்குக் கூலி பெறும் உரிமை உண்டென்று நீண்ட வாதத்தால் முதலில் நிலைநாட்டுகிறார். அதன் பின்னரே, தாம் அவ்வுரிமையைப் பயன்படுத்தவில்லை என்கிறார். இவ்வரிசை முக்கியமானது. முதலில் ஊதிய உரிமைக்காக மூன்றாண்டு போராடி, பின்பு காப்புரிமையை மறுத்த போஸின் வாழ்விலும் இதே வரிசையைக் காண்கிறோம். அவர் கிறித்தவரல்லர், அவரை நம்மவராக்கிக்கொள்ள நமக்கு உரிமையில்லை. எனினும், மத்தேயு பத்தாம் அதிகாரத்தில் இயேசு பெருமான் தம் சீடருக்கு அளித்த கட்டளையை, இலவசமாய்ப் பெற்றதை இலவசமாய்க் கொடுக்கும் அந்நெறியை, அறிவுத்துறையில் நடந்து காட்டியவராக அவரை வணங்கத் தடையில்லை.

ஆயின், இங்கே ஒரு கடினமான வினா எழுகின்றது. போஸ் கொடுத்த கொடை எளியோரைச் சென்றடைந்ததா? 1899-இல் அவர் திறந்துவைத்ததற்கு 1901-இல் மற்றொருவர் வேலியிட முற்பட்டார். நிவேதிதையும் சாரா புல்லும் அஞ்சியது இதனையே. அவர்களைப் பணத்தாசை கொண்டவர்கள் என்று தள்ளிவிட முடியாது. காவலில்லாத கொடை வலியவன் கைக்குப் போகும் என்பதை அவர்கள் கண்டனர். நம் காலத்திலும் இது மெய்ப்பட்டது. காயத்தை ஆற்றும் மஞ்சளின் பயனுக்கு 1995-இல் அமெரிக்காவில் காப்புரிமை வழங்கப்பட்டது. நம் நாட்டின் அறிவியல், தொழில் ஆராய்ச்சிக் கழகம் பழைய நூற்சான்றுகளைக் காட்டி வழக்காடிய பின், 1997-இல் அது நீக்கப்பட்டது. வேப்பெண்ணெயின் பயன் ஒன்றிற்கு 1994-இல் ஐரோப்பாவில் அளிக்கப்பட்ட காப்புரிமை 2000-இல் நீக்கப்பட்டு, 2005-இல் மேல்முறையீட்டிலும் அத்தீர்ப்பு உறுதியாயிற்று. வேம்பு நிழலில்லாத தெரு புதுக்கோட்டைச் சீமையில் அரிது. நம் பாட்டிமார் எவரும் அதற்கு உரிமை கொண்டாடவில்லை. அவ்வாறு கொண்டாடாததே பிறர் கொண்டாட வழிவிட்டது. ஆகவே, துறவு தனிமனிதரின் நற்பண்பாக நின்றுவிடின் போதாது. பொதுவை பொதுவாகவே காக்கும் சட்டமும் அமைப்பும் அதற்கு வேண்டும். கதிரறுப்பில் சிந்தியதை ஏழைக்கு விடுமாறு லேவியராகமம் சொன்னபோது, அதனை நிலக்காரரின் இரக்கத்திற்கு விட்டுவிடாமல் சட்டமாகவே விதித்தது. பெர்லின் உடன்படிக்கை சாதித்ததும் இதுவே. மார்க்கோனியின் மனம் திரும்பும்வரை கடல் காத்திருக்கவில்லை.

மூன்றாவது, பெயர் சொல்லுதல் ஓர் அறக்கடமை. யாத்திராகமம் முப்பத்தோராம் அதிகாரம், ஆசரிப்புக் கூடாரத்தின் கைவினைஞர்களாகிய பெசலெயேல், அகோலியாப் ஆகியோரைப் பெயர் சொல்லி அழைக்கின்றது; அவர்களுடைய கைத்திறனையும் இறையாவியின் கொடையாகக் கூறுகின்றது. நாம் கண்ட வரலாற்றிலோ போஸின் பெயரை மார்க்கோனி சொல்லவில்லை. காஸ்டெல்லியின் பெயர் ஒரு பூசலால் மட்டுமே வெளிவந்தது. அதற்கும் கீழே, போஸின் கருவிகளைத் தட்டி உருவாக்கிய கல்கத்தாத் தகரத் தொழிலாளியைப் போஸின் புகழ் பாடும் நாமும் பெயரின்றியே குறிப்பிடுகிறோம். 2018 நவம்பர் 16 அன்று கஜா புயல் வீசிப் புதுக்கோட்டை மாவட்டத்தில் மின்கம்பங்கள் ஆயிரக்கணக்கில் சாய்ந்தபோது, பல மாவட்டங்களிலிருந்து வந்து அவற்றை மீண்டும் நாட்டிய தொழிலாளருள் எத்தனை பேரின் பெயரை நம் சபைகள் அறியும்? வெளிச்சம் வந்தவுடன் நன்றி ஏறெடுத்தோம். நன்றியில் பெயர் இருந்ததா?

முடிவுரை

இவ்வரலாறு நம் திருச்சபைக்கும் வெளியே உள்ளதன்று. தஞ்சை வேதநாயக சாஸ்திரியாரின் பாடல்களை இன்று எச்சபையும் எவருக்கும் கட்டணமின்றிப் பாடுகின்றது. நேற்று எழுதப்பட்ட ஞானப்பாட்டைச் சிற்றூர்ச் சபை பாடுவதற்கும் பதிவு செய்வதற்கும் இசைவு பெற வேண்டுமோ என்ற கேள்வி இப்பொழுது நம்மிடையே எழுகின்றது. பாடலாசிரியருக்குக் கூலி வேண்டாமா? வேண்டும், பவுலடிகளாரின் வாதம் அவருக்கும் உரியது. ஆயின், கூலி கொடுக்க இயலாத சபையின் வாயை அடைக்கும் உரிமை அவருக்கு உண்டா? பிறர் பிரசங்கத்தைப் பெயர் சொல்லாமல் எடுத்தாளும் போதகருக்கு, மார்க்கோனியைக் கண்டிக்கும் உரிமைதான் உண்டா? இறையியல் மாணவர்கள் இவ்வினாக்களைத் தம் வகுப்பறையிலும் பணித்தளத்திலும் எடுத்து ஆராய்வார்களாக.

போஸின் திறந்த கை நமக்கு வேண்டும். அக்கை திறந்திருக்கும்போதே, அதிலுள்ளது எளியோரைச் சேரும்வரை விழித்திருக்கும் காவலும் வேண்டும். ஜெகதாப்பட்டினத்துப் படகொன்றிலிருந்து நள்ளிரவில் எழும் குரல், எவருடைய கருவி என்ற வினாவிற்கு உட்படாமல் கரையை வந்தடைகின்றது. இதற்காக ஒருவர் தம் அறிவை விலையின்றி வைத்தார். வேறொருவர் அதனைக் கடல் கடக்கச் செய்தார். நாடுகள் கூடிக் கேளாச் செவிகளைத் திறக்கச் செய்தன. கடலின் இரைச்சலுக்கு நடுவே அழைப்பவனுடைய குரலைக் கேட்பவராக நாம் ஆண்டவரை அறிக்கை செய்கிறோம். அவருடைய பணியாளராகிய நம் செவிகள் யாருக்குத் திறந்துள்ளன, யாருக்கு மூடியுள்ளன என்பதை ஆய்ந்தறிதல் இவ்வரலாற்றைக் கற்ற நமக்குக் கடனாகும்.